டெஸ்ஸா நடிச்சவன்

இல்லம்மா, உங்க வீட்டுக்குப் பைப் ரிப்பேர் பண்ண வந்தவன் நான் இல்ல. கறிக்கடைக்காரனும் இல்ல. பரவால்ல, இதுக்கெதுக்கு மன்னிப்பெல்லாம். எல்லாருக்கும் இந்தக் குழப்பம் வரும். என் மூஞ்சி அப்படி. அம்பத்தஞ்சு வருசமா ஜனங்க வீட்டுக்குள்ள வந்து போயிட்டு இருந்த மூஞ்சி, ஆனா பேரு மட்டும் யாருக்கும் வராது. ஒருக்கா ஜீலாங் ஸ்டேஷன்ல ஒருத்தரு ஓடி வந்து கட்டிப் புடிச்சிக்கிட்டாரு, நாம ஒண்ணாப் படிச்சவங்கன்னு. நானும் ஆமாமான்னு சொல்லி, அவங்கம்மா சௌக்கியமான்னு விசாரிச்சி அனுப்பி வச்சேன். அவரு சந்தோசத்த எதுக்குக் கெடுக்கணும்.

மெர்வ் டகெட். மெர்வின். சொன்னேன்ல, பேரச் சொன்னாலும் தெரியாது. டிவில பாத்திருப்பீங்க. நடிகன்தான். பெயின்ட் விளம்பரத்துல ஏணிலேர்ந்து விழுவேனே... அது இல்லயா. சர்ச்சுல பாதிரியாரா... அதுவும் இல்ல. சரி, நானே சொல்லிடறேன். டெஸ். ரெட்கம் தெரு சீரியல்ல வந்த டெஸ் ஹாலம்.

பாத்தீங்களா, சட்டுனு கைப்பைய மடிமேல எடுத்து வச்சிக்கிட்டீங்க. சிரிக்காதீங்க, நெஜமாத்தான். முப்பது வருசமாச்சி, இன்னும் அந்தப் பேரச் சொன்னா பொம்பளைங்க ஒரு அடி தள்ளி உக்காருவாங்க.

ஷூட்டிங் எதுவும் இல்லம்மா. கேமரா எங்கயும் இல்ல, தேடாதீங்க. என்னைச் சாட்சி சொல்லக் கூப்பிட்டிருக்காங்க. அந்தக் கருப்புக் கவுன் போட்ட வக்கீல் பொண்ணு போகுதில்ல, அது வந்து சொல்லிட்டுப் போச்சி, கூப்பிடற வரைக்கும் இங்கயே இருங்க, கேஸப் பத்தி யார்கிட்டயும் வாயத் தொறக்காதீங்கன்னு. நீங்க எதுக்காக வந்திருக்கீங்க? ஓ, வீட்டுக்காரரு லைசென்சு கேஸா. குடிச்சிட்டு ஓட்டுனாரா? சரி விடுங்க, ஆறு மாசம் நீங்க ஓட்டுங்க, அவரு பக்கத்துல உக்காந்து வரட்டும். பேரு என்ன சொன்னீங்க, பெவர்லியா. நல்லது. இந்த பல்லாரட் குளுருல இந்த பெஞ்சு ஐஸ்கட்டி மாதிரி இருக்கு. கொஞ்சம் இப்படித் தள்ளி உக்காருங்க, ஹீட்டர் பக்கமா. பிஸ்கட்டு வேணாம்மா. காலைலேர்ந்து எதுவும் எறங்கல.

எப்படி ஆரம்பிச்சதுன்னா? எல்லாரும் இதத்தான் கேப்பாங்க. நான் போர்ட் பிரீ. ஆமா, ஈயம் காய்ச்சற ஊரு. எங்கப்பா முப்பத்திரண்டு வருசம் அந்த உலைல நின்னாரு. சாப்பிடும்போது இருமுவாரு, பேசும்போது இருமுவாரு, சிரிச்சா ரெண்டு நிமிசத்துக்கு நிக்காது. எனக்குப் பத்தொம்பது வயசுல அடிலெய்டு ரேடியோ நாடகத்துக்கு ஆள் எடுத்தாங்க. சாகக் கெடக்கற சுரங்கத் தொழிலாளி ஒருத்தன், வசனமே கெடையாது, இருமணும். வந்தவனெல்லாம் தொண்டையக் கனைச்சான். நான் எங்கப்பாவ இருமுனேன். அங்கயே கையெழுத்து வாங்கிட்டாங்க. அதான் மொத வேசம். எங்கப்பா அதக் கேட்டாரு, ரேடியோவ அணைச்சிட்டு எழுந்து போயிட்டாரு.

அப்புறம் மெல்போர்ன். அப்ப போலீஸ் சீரியல் ஓஹோன்னு ஓடிட்டிருந்த காலம். வாரா வாரம் ஒரு திருடன் வேணும், ஒரு பொணம் வேணும். ரெண்டுக்கும் நான் ஒத்து வந்தேன். ஒரே சீரியல்ல ஏழு தடவ செத்திருக்கேன், ஏழு பேர்ல. மீசை வச்சி ஒருக்கா, மழிச்சிட்டு ஒருக்கா. ஊர்ல எங்கம்மா அக்கம்பக்கத்தெல்லாம் கூட்டி வச்சிக்கிட்டு, இந்த வாரம் எப்படிச் சாவுறான்னு பாப்போம்னு டீயும் லாமிங்டன் கேக்கும் குடுப்பாங்களாம்.

ஹீரோவா? நானா? இந்த மூக்க வச்சிக்கிட்டா? இல்லம்மா, ஹீரோவ அடிக்கறவன், ஹீரோகிட்ட அடி வாங்கறவன், ஹீரோவுக்கு வழி சொல்றவன். சினிமால குதிரப் போலீஸா நடிக்கப் போயி குதிரைலேர்ந்து விழுந்து இடுப்பு போச்சி. இப்பவும் குளுருல நொண்டுவேன். டைரக்டரு அந்த நொண்டலையும் படத்துல வச்சிக்கிட்டாரு, அதுலேர்ந்து நொண்டி வேசம்னா மெர்வக் கூப்பிடுன்னு ஆயிப் போச்சி. வேல இல்லாத மாசத்துல டாக்சி ஓட்டுனேன், வீடு வீடா டெலிபோன் புத்தகம் போட்டேன், டிசம்பர்ல தாடி ஒட்டிக்கிட்டு கடைல சான்டா கிளாஸா உக்காந்தேன். வீடு ஓடுனது நோயலீனாலதான். என் சம்சாரம். ஆஸ்பத்திரில நர்சு. ஒரு நாளும் சொல்லிக் காட்டுனதில்ல. ஒரே பொண்ணு எங்களுக்கு. கெரின்.

டெஸ் வேசம் வந்தப்ப எனக்கு நாப்பத்தி மூணு. பொண்டாட்டிய அடிக்கறவன், ஆறு வாரத்துக்கு மட்டும்னாங்க. ஆறு வருசம் ஓடிச்சி. மொத நாள் டைரக்டரு என்னப் பாத்து, நல்லா கத்து, மேசையக் குத்து, கண்ண உருட்டுன்னாரு. எனக்கு அது பொய்யாத் தோணிச்சி. இப்படி அடி வாங்கி வீட்ட விட்டு வந்த பொம்பளைங்க தங்கற ஒரு எடம் இருந்துச்சி, அங்க போயி கெஞ்சிக் கூத்தாடி ஒரு மத்தியானம் உக்காந்தேன். தபால் ஆபீசுல வேல பாக்குற ஒரு அம்மா, கை கட்டு போட்டிருந்தாங்க. அவங்க சொன்னாங்க, எம் புருசன் கத்தவே மாட்டான், தெருவுல அத்தன பேருக்கும் உபகாரம் பண்ணுவான், அதனால நான் சொன்னா எவளும் நம்பமாட்டா, அவன் பலமே அதாங்கன்னு. அடிக்கறதுக்கு முன்னாடி என்ன பண்ணுவான்னு கேட்டேன். ஜன்னல மூடுவான்னாங்க.

ஞாபகம் இருக்கா உங்களுக்கு! ஆமா, அந்த ஜன்னல்தான். பக்கத்து வீட்டு வேலியச் சரி பண்ணிக் குடுத்துட்டு, கையக் கழுவிட்டு, உள்ள வந்து ஒவ்வொரு ஜன்னலா மூடுவேன். அதோட சீன் முடிஞ்சிரும். ஒரு அடி கூடக் காட்டல நாங்க. மறுநாள் ஊரே பேசிச்சி. அவார்டு குடுத்தாங்க. என் வாழ்க்கைல ஒரே அவார்டு, கழிவறைல பேப்பர் பறக்காம இருக்க வச்சிருக்கேன்.

ஃபுட்ஸ்க்ரே மார்க்கெட்டுல ஒரு கெழவி கொடையாலயே நாலு சாத்து சாத்துனாங்க. எங்க பக்கத்துத் தெரு பேக்கரில ரொட்டி தரமாட்டேன்னுட்டாங்க. கெரினுக்கு அப்பப் பன்னெண்டு வயசு, ஸ்கூல்ல பிள்ளைங்க கேக்குமாம், உங்கப்பா உன்னயும் அடிப்பாரான்னு. எங்கப்பா வீட்ல சிலந்தி வந்தாக் கூட டம்ளர்ல புடிச்சி வெளிய கொண்டு போயி விடுவாருன்னு சொல்லிட்டு வருவா.

லெட்டர் வரும். சாக்கு சாக்கா. திட்டி வர்றது பாதி. மீதி வேற மாதிரி. என் வீட்டுக்காரரும் இப்படித்தான், உங்களுக்கு எப்படித் தெரிஞ்சிதுன்னு. பேரு இல்லாம, முகவரி மட்டும் அக்கா வீட்டு முகவரியோ, சர்ச் முகவரியோ போட்டு வரும். நான் ஒண்ண விடாம பதில் போட்டேன். சாப்பாட்டு மேசைல நானும் கெரினும் உக்காந்துக்குவோம், நான் எழுதுவேன், அவ ஸ்டாம்பு ஒட்டுவா. கெளம்பிடுங்கம்மா, அவன் மாறமாட்டான், ஒரு பைய எடுத்துக்கிட்டு இன்னைக்கே கெளம்பிடுங்க, யாராவது ஒருத்தர் உங்கள நம்புவாங்க. முந்நூறு, நாநூறு பேருக்கு எழுதியிருப்பேன். நாலஞ்சு பேரு கெளம்பி வந்துட்டேன்னு திரும்ப எழுதுனாங்க. ஒருத்தங்க கல்யாண மோதிரத்தையே கவர்ல போட்டு அனுப்பிச்சிட்டாங்க.

அப்புறம் என்ன, டெஸ்ஸ ஆத்துல முக்கிக் கொன்னாங்க. ஜனங்க பீர் ஒடச்சிக் கொண்டாடுனாங்கன்னு பேப்பர்ல போட்டான். அதோட நாலு வருசம் ஒருத்தனும் வேல குடுக்கல, டெஸ் மூஞ்சி போகலன்னுட்டாங்க. தல நரைச்சப்புறம் மறுபடி கூப்பிட்டாங்க. தாத்தா, பாதிரியாரு, ஜட்ஜு. ஜட்ஜா மட்டும் பதினோரு தடவ. வெளிய இந்த பெஞ்சுல உக்காந்தது இதான் மொதத் தடவ.

நோயலீன் போயி பத்து வருசமாவுது. புத்துநோய். அப்ப கெரின் இங்க பல்லாரட்ல பல் டாக்டர்கிட்ட வேலைல இருந்தா. மாசம் ரெண்டு தடவ மெல்போர்னுக்கு ரயிலேறி வந்து என் துணியத் தொவச்சிப் போட்டுட்டுப் போவா. அவ லேட்டாத்தான் கல்யாணம் பண்ணிக்கிட்டா, முப்பத்தேழுல. மாப்பிள பேரு க்ளென். தச்சு வேல, சமையலறை அலமாரியெல்லாம் செய்வான். தங்கமான பையன்னு நான் ஊரெல்லாம் சொல்லிட்டுத் திரிஞ்சேன். எனக்காக இங்க பக்கத்துலயே, அவங்க வீட்லேர்ந்து பதினஞ்சு நிமிச தூரத்துல, ஒரு சின்ன வீடு பாத்துக் குடுத்ததே அவன்தான். என் கூரைமேல ஏறி எல தழையெல்லாம் வாருவான். பாத்ரூம்ல நான் வழுக்கிடக் கூடாதுன்னு புடிமானம் வச்சிக் குடுத்தான். எதிர்வீட்டு விதவையம்மா குப்பத் தொட்டிய அவன்தான் வெளிய இழுத்து வைப்பான். காட்டுத்தீ வந்தா அணைக்கப் போற தொண்டர் படைல இருந்தான். நான் நோயலீன் போட்டோகிட்ட சொல்லுவேன், பாத்தியா நம்ம பொண்ணுக்கு வாச்சதன்னு.

ஆமாம்மா. நீங்க என் மூஞ்சியப் பாத்தே புரிஞ்சிக்கிட்டீங்க. நான் புரிஞ்சிக்கல.

போன வருசம் மார்ச்சுல எனக்கு ஒரு படம் வந்துச்சி. எழுவத்தஞ்சு வயசு எனக்கு. வாழ்க்கைல மொதத் தடவ ஹீரோ. ஒரு சின்னப் பொண்ணுதான் டைரக்டரு, கதைல ஹார்ஷம் பக்கம் கோதும விவசாயி ஒருத்தன், தனியா இருக்கான், படம் பூரா அவன்தான். போஸ்டர்ல மெர்வின் டகெட்னு மொதப் பேரா வரும். நாலு வாரம் ஷூட்டிங். நான் அந்த வசனக் காகிதக் கட்டத் தலமாட்டுல வச்சிக்கிட்டுத் தூங்குனேன். வசனம் மறந்துருமோன்னு ஒரே பயம். புதன்கெழம கெளம்பணும். அவ்வளவு தூரம் நானே ஓட்ட இடுப்பு விடாது, என்னை ஹார்ஷமுக்குக் கார்ல கொண்டுபோய் விடறது க்ளென். வீட்டப் பாத்துக்கறதும் அவன்தான்.

அதுக்கு முந்தின ஞாயித்துக்கெழம மத்தியானம் கெரின் வந்தா. டீ குடிச்சா. கொஞ்ச நேரம் இருந்துட்டுப் போயிட்டா. அதான் நான் அவளக் கடைசியாப் பாத்தது.

பதினோரு நாள் கழிச்சி ஒரு வியாழக்கெழம, களஞ்சியத்துக்குப் பக்கத்துல எனக்கு ஒரு சீன். டைரக்டர் பொண்ணு வந்து கையப் புடிச்சிக்கிட்டுச் சொல்லிச்சி. வீட்டுப் பின்படி ஈரமா இருந்துச்சாம், வழுக்கி விழுந்து தல சிமெண்டுல பட்டுடுச்சாம், க்ளென் பட்டறைலேர்ந்து ஓடி வந்து தூக்குனானாம். போயிட்டா. டைரக்டரு ஷூட்டிங்க நிறுத்துன்னு சொல்லிச்சி. நான், வெளிச்சம் போயிட்டிருக்கு, இந்த ஷாட்ட எடுத்துருவோம்னேன். எடுத்தாங்க. வசனம் ஒரு எழுத்து தப்பல. எல்லாரும் அழுதுகிட்டே கை தட்டுனாங்க. அதுக்கப்புறம்தான் என்ன காருல ஏத்துனாங்க.

கழுத்துல விரல் தடம் இருந்துச்சின்னு டாக்டர் எழுதிட்டாரு. அது தூக்கும்போது பட்டதுங்கறான் அவன். இந்தக் கதவுக்கு அந்தப் பக்கம்தான் உக்காந்திருக்கான், கல்யாணத்துக்குப் போட்ட அதே கோட்டு. ஜூரி பன்னெண்டு பேரு. தெருவுல யாரும் ஒரு சத்தம் கேட்டதில்ல. தொண்டர் படைல அத்தன பேரும் வந்து நல்லவன்னு சொல்லிட்டுப் போறாங்க. அவன் வக்கீல் மூணு நாளா ஒண்ணத்தான் திருப்பித் திருப்பிச் சொல்றாராம். கெரின் யார்கிட்டயும் ஒரு வார்த்த சொன்னதில்லயே, அடிக்கறவனா இருந்தா, பதினஞ்சு நிமிச தூரத்துல இருக்கற பெத்த அப்பன்கிட்டயாவது சொல்லியிருக்க மாட்டாளான்னு.

ஆமா. நான் போலீஸ்ல குடுத்த வாக்குமூலம் அதுதான். சின்ன வயசு போலீஸ்காரரு, உக்காந்ததும், சார் எங்க வீட்ல டெஸ் வந்தாலே எங்கம்மா டிவிய அணைச்சிருவாங்கன்னு சொன்னாரு. டீ போட்டுக் குடுத்தேன். உங்க பொண்ணு எப்பயாவது உங்ககிட்ட ஏதாவது சொல்லியிருக்காங்களான்னாரு. இல்ல தம்பி, எதுவா இருந்தாலும் என்கிட்டச் சொல்லியிருப்பாளேன்னேன். அவருக்குக் கண் கலங்கிடிச்சி. எழுதிக்கிட்டாரு, நான் கையெழுத்துப் போட்டேன்.

எதுக்கு இத உங்ககிட்டச் சொல்றேன்னா... எனக்கே தெரியலம்மா. போன வாரம் அந்த வக்கீல் பொண்ணு வீட்டுக்கு வந்து கேட்டுச்சி, மெர்வ், இதுக்கு மேல சேத்துச் சொல்ல ஏதாவது இருக்கான்னு. இல்லன்னேன். வாசல் வரைக்கும் போயிட்டுத் திரும்பி வந்து இன்னொரு தடவ கேட்டுச்சி. அப்பவும் இல்லன்னுட்டேன். மனசுக்குள்ள என்னவோ புரிஞ்சிருக்கும் அதுக்கு.

நீங்க அழாதீங்க. நீங்க நினைக்கற மாதிரி இல்ல நான்.

அன்னைக்கு அவ டீ குடிக்கல. நான் போட்டு வச்சேன், ஆறிப் போச்சி. கைல ஒரு பை வச்சிருந்தா, நீலக் கலர், ஜிம்முக்குப் போற மாதிரி. கோட்டக் கழட்டாம உக்காந்திருந்தா. நான் மேசைல வசனத்தப் பரப்பி வச்சிக்கிட்டு, வாடி கண்ணு, கொஞ்சம் எதிர்வசனம் படின்னேன். ரெண்டு பக்கம் படிச்சா. பாவம், படிச்சா. அப்புறம் காகிதத்தக் கீழ வச்சிட்டுச் சொன்னா, அப்பா, நான் கொஞ்ச நாள் இங்கயே இருந்துக்கவா, க்ளென் என் கழுத்தப் புடிச்சிட்டாரு, இது மூணாவது தடவன்னு. கத்தல, அழல. கடைல என்ன வாங்கணும்னு சொல்ற மாதிரி சொன்னா.

நான் சிரிச்சேம்மா. க்ளெனான்னு கேட்டு ஒரு சிரிப்பு. வாய்விட்டுச் சிரிக்கல, மூச்சு விடற மாதிரி, ஒரு சின்ன சிரிப்பு. அவ மூஞ்சில ஏதோ ஒண்ணு மூடிக்கிச்சி. அதுக்கப்புறம் நான் என்னென்னமோ பேசினேன். நாலு வாரம்தாண்டா, இந்தப் படம் முடியட்டும், மூணு பேரும் உக்காந்து பேசுவோம், அவனுக்கு வேலைல ஏதாவது கஷ்டமா இருக்கும், இப்பப் போயி பெரிசு பண்ணா புதன்கெழம என்னை யாரு கொண்டுபோய் விடுவா. ஆமா, அதையும் சொன்னேன். அந்த வார்த்தையச் சொன்னேன்.

சரிப்பான்னா. அவ்வளவுதான், சரிப்பா. பஸ்சுல வந்திருந்தா, கார் சாவிய அவன் எடுத்து வச்சிக்கிட்டானாம். ஞாயித்துக்கெழம சாயங்காலம் அந்தப் பக்கம் திரும்பிப் போக பஸ் கெடையாது.

இருங்க, கதவத் தொறக்கறாங்க... ஆமா, டகெட்டுன்னுதான் கூப்பிடறாங்க. இதோ வரேன் சார், காலு மரத்துப் போச்சி. நீங்க எந்திரிக்காதீங்கம்மா, எனக்குப் பழக்கம், செவுத்தப் புடிச்சிக்கிட்டுப் போயிருவேன்.

நாந்தாம்மா கொண்டுபோய் விட்டேன், என் கார்ல. பைய நானே தூக்கிப் பின்சீட்ல வச்சேன். க்ளென் கேட்டுல நின்னு என்கிட்டக் கை குலுக்கிட்டு, ஒரு கவர் நெறைய எலுமிச்சம்பழம் குடுத்தான், தேங்க்ஸ் மாப்ளன்னு வாங்கிக்கிட்டேன்.

யார்கிட்டயும் சொன்னதில்ல இத. வாயில வருமான்னு தெரியாம இருந்துச்சி. வந்துடுச்சி.